பாதாள அஞ்சனம்: அளவு, அரைப்பு, ஆபத்து (விதிப்புத்தகம் வரைவு 3)

#1 ஆறுமுகப்பகடை

நாம எழுதிக்கிட்டிருக்கற திரிநிலம் மேசை ஆட்டத்தோட விதிப்புத்தகத்துல பாதாள அஞ்சனம்ங்கற மை பத்தின அத்தியாயத்தை மட்டும் இந்த இழையில பேசி முடிச்சிடலாம். சண்டைக் கணக்குக்கு வேற இழை இருக்கு, அதை இங்கே இழுத்துட்டு வராதீங்க.

புதுசா வர்றவங்களுக்கு ரெண்டே வரி. சிலப்பதிகாரம் காடுகாண் காதையில, முல்லையும் குறிஞ்சியும் வெயில்ல திரிஞ்சு பாலையா மாறும்னு வருது இல்லையா, அதை அப்படியே கண்ணு முன்னாடி நடக்கறதா வெச்சுக்கிட்டா அதுதான் திரிநிலம். நேத்து மலை, இன்னிக்கு பொட்டல். சாதாரண வரைபடம் ஒரு வாரத்துல செல்லாக்காசு. அஞ்சனம் போட்டுப் பார்த்தாத்தான் நிலத்தோட அடிக்கோடு தெரியும்.

வரைவு 2-ல இருக்கற விதி: கண்ணுக்கு 1 குன்றிமணி எடை, 3 நாழிகை பார்வை (72 நிமிஷம்), முடிஞ்சதும் 2 உயிர்ப்புள்ளி போகும், தூங்கி எழுந்தா திரும்பி வந்துடும். இதுல எங்கே ஆபத்து இருக்கு? டார்ச் லைட்டுக்கு பேட்டரி போடற மாதிரி ஆகிப்போச்சு. எதுல செய்யறது, எப்படிப் போடறது, எங்கே சொதப்பும், மூணையும் புதுசா எழுதணும். தெரிஞ்சவங்க வாங்க.

#2 ரசக்குடுக்கை

பாதாள அஞ்சனம் என்ற பெயரை எடுத்துக்கொண்டதே பாதி வேலை முடிந்த மாதிரி. பூமிக்கு அடியில் இருப்பதைக் காட்டும் மை என்று ஊர்ப்பேச்சில் எல்லோருக்கும் தெரியும். மீதிப் பாதி, அது எதனால் ஆனது என்பது. இதற்குக் கற்பனை உலோகம் எதுவும் தேவையில்லை. சித்த மருத்துவத்திலும் ஆயுர்வேதத்திலும் கஜ்ஜளி என்று ஒன்று இருக்கிறது. பாதரசத்தையும் கந்தகத்தையும் கல்வத்தில் (மருந்து அரைக்கும் குழி உரல்) இட்டு அரைத்தால் வரும் கருப்புப் பொடி. கண் மை மாதிரி கருப்பு என்பதால்தான் அந்தப் பெயரே. அதை நம் ஆட்டத்து மைக்கு அடிப்படையாக வைக்கலாம்.

விதிக்கு வேண்டிய விவரங்கள்:

கூட்டு: ரசமும் கந்தகமும் சம எடை. வேதியியல் கணக்கில் 32 பங்கு கந்தகம் சுமார் 200 பங்கு ரசத்தைக் கட்டும், அதாவது 1-க்கு 6-க்குக் கொஞ்சம் மேல். சம எடை போட்டால் கந்தகம் நிறைய மிஞ்சும். மிஞ்சுவது நல்லது, கட்டுப்படாத ரசம் நிற்காது. ஆட்டத்தில் கஞ்சத்தனம் செய்து கந்தகத்தைக் குறைக்கிறவர்தான் மாட்டவேண்டும்.

அரைப்பு: நாலு சாமம். சாமம் என்பது 7½ நாழிகை, 3 மணி நேரம். ஆகப் பன்னிரண்டு மணி நேரம், இடையில் நிறுத்தாமல். கல்வம் கல்லாக இருக்கலாம், இரும்பாக இருக்கலாம். செம்பு, வெள்ளி, வெள்ளீயம் கூடாது. ரசம் அவற்றோடு கலந்துவிடும். இரும்போடு மட்டும் ஒட்டாது.

சோதனை: வெயிலில் பிடித்தால் ஒரு மினுக்கம்கூடத் தெரியக்கூடாது. கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் தேய்த்தால் கைரேகைக்குள் புகவேண்டும். தண்ணீரில் தூவினால் மிதக்கவேண்டும். மூன்றில் ஒன்று தவறினாலும் இன்னும் ஒரு சாமம்.

கடைசியாக விளக்கெண்ணெய் விட்டுக் குழைப்பது.

ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், இதை வீட்டில் யாரும் செய்துபார்க்க வேண்டாம். இது ஆட்டத்துக்கான மை. நிஜ ரசத்தின் ஆவி கண்ணுக்குத் தெரியாது, மணம் கிடையாது, அறை வெப்பத்திலேயே கிளம்பும்.

#3 நாலாம்சாமம்

பாஸ், சூப்பர், ஆனா பன்னிரண்டு மணி நேரம் அரைக்கறதை மேசையில உக்காந்து யாரு ஆடுவா? ஒரு தடவை தாயம் உருட்டி முடிச்சிடலாமா?

#4 ரசக்குடுக்கை

ஒரே உருட்டல் போதும். ஆனால் சோதனை மூன்றையும் செய்தாரா என்று ஆட்டநடத்துநர் கேட்கக் கூடாது. ஆட்டக்காரரே வாய்விட்டுச் சொல்லவேண்டும். சொல்லாதவர் மினுக்கம் உள்ள மையோடுதான் கிளம்புகிறார். அது அவருக்கு அப்போது தெரியாது.

#5 வெத்தலமடிப்பு

அடிப்படையிலயே ஒரு தப்பு. ஏன் கண்ணுல பூசணும்? நம்ம ஊர்ல மை போட்டுப் பார்க்கறதுன்னா வெத்தலையில போட்டுப் பார்க்கறது. காணாமப்போன நகை எங்கே இருக்குன்னு வெத்தலை நடுவுல மை தடவி, அதுல பார்க்கச் சொல்றது. பார்க்கறவர் ஒருத்தர், பக்கத்துல உக்காந்து "என்ன தெரியுது, வலதுபக்கம் என்ன இருக்கு"ன்னு கேக்கறவர் இன்னொருத்தர்.

இதை எடுத்துக்கிட்டா ஆட்டத்துக்கு ரெண்டு ஆள் கிடைக்கறாங்க. பார்ப்பவர் வாயால சொல்றார், வரைபவர் காதால கேட்டு வரையறார். வரைபவருக்கு மை தெரியாது, பார்ப்பவருக்குப் படம் தெரியாது. பாதிப் பிழை அந்த இடைவெளியில தானா வந்துடும், தனியா விதி எழுத வேண்டாம்.

வெத்தலை காம்பு எந்தத் திசையைப் பார்க்குதோ அதுதான் வடக்குன்னு வெச்சுக்கலாம். காம்பு திரும்பினா படமே திரும்பிடும். வாடின வெத்தலை கூடாது, பறிச்சு ஒரு நாளுக்குள்ள இருக்கணும். இது போதும்.

#6 ஆறுமுகப்பகடை

வெத்தலை உள்ளே வந்தாச்சு. கண் வெளியே. நன்றி மடிப்பு அக்கா.

#7 சங்கிலி100

எல்லாரும் பார்ப்பதைப் பற்றியே பேசுகிறீர்கள். பார்த்தால் வரைபடம் வந்துவிடாது சார். அஞ்சனம் காட்டும், அளக்காது. இடப்பக்கம் மலை, வலப்பக்கம் ஆறு என்றால் அது ஓவியம். எவ்வளவு தூரம், எந்தக் கோணம் என்று வந்தால்தான் வரைபடம்.

சென்னையில் உட்கார்ந்துகொண்டு இதை மறக்கலாமா? இந்தியாவை முக்கோணம் முக்கோணமாக அளந்த பெரிய அளவைக்கு 1802 ஏப்ரலில் லாம்டன் என்ற ஆங்கிலேய அளவைக்காரர் அடிக்கோடு போட்டது பரங்கிமலைப் பக்கத்தில்தான், அங்கிருந்து தெற்கே பெரும்பாக்கம் வரை. ஏழரை மைல். 100 அடி எஃகுச் சங்கிலியை ஏறக்குறைய 400 தடவை நீட்டினார்கள். சங்கிலியைத் தரையில் போடாமல் மரப்பெட்டிகளுக்குள் கிடத்தி, பக்கத்தில் வெப்பமானி வைத்து, சூட்டில் எவ்வளவு நீண்டது என்று கழித்துக்கொண்டே போனார்கள். எஃகு 100 அடிக்கு 15 டிகிரி செல்சியஸ் ஏறினால் சுமார் 5½ மில்லிமீட்டர் நீளும். ஒரு சங்கிலிக்கு அது ஒன்றுமில்லை. 400 சங்கிலிக்கு இரண்டு மீட்டருக்கு மேல் போய்விடும். அந்த ஒரு கோட்டை அவ்வளவு அக்கறையாக அளந்தால்தான் அதற்குப் பிறகு வெறும் கோணத்தை வைத்தே நாடு முழுக்கப் போகமுடியும்.

திரிநிலத்துக்கு என் முறை இது.

முதலில் ஆதிக்கல். திரியாத இடத்தில் நடவேண்டும். பாலை என்பது முல்லையும் குறிஞ்சியும் திரிந்து வருவது என்றால் மருதம் திரியாது. ஆகவே கல் மருதத்தில்.

கல்லிலிருந்து 10 சங்கிலி, 1000 அடி, நேராக. போகும்போது ஒரு தடவை, வரும்போது ஒரு தடவை. இரண்டுக்கும் வித்தியாசம் 1 அடிக்கு மேல் இருந்தால் தூக்கி எறிந்துவிட்டு மறுபடி. வெப்பத் திருத்தத்தை விட்டுவிடலாம், 10 சங்கிலிக்கு அது 5½ சென்டிமீட்டர்தான், ஆட்டத்தில் யாருக்கும் வேண்டாம்.

பிறகு கோட்டின் இரண்டு முனையிலும் அஞ்சனம் பார்த்து, தெரியும் அடையாளத்துக்குக் கோணம் எடுக்கவேண்டும். மூன்றாவதாக அந்த அடையாளத்துக்கே போய் அங்கிருந்தும் ஒரு கோணம். மூன்றையும் கூட்டினால் 180. இதுதான் முக்கியம். 180 வரவில்லை என்றால் ஒன்று அளந்தவர் தப்பு, அல்லது அளந்துகொண்டிருக்கும்போதே நிலம் நகர்ந்திருக்கிறது. வித்தியாசம் 2 டிகிரிக்குள் இருந்தால் ஆள் தப்பு என்று எடுத்துக்கொண்டு மூன்று கோணத்துக்கும் சமமாகப் பங்கிடுங்கள். அதற்கு மேல் போனால் நிலம். அந்த முக்கோணத்தை அப்படியே விட்டுவிட்டுத் திரும்பி நடக்கவேண்டும்.

#8 நாலாம்சாமம்

180 செக் செம. ஆட்டநடத்துநர் எதுவுமே சொல்ல வேணாம், கூட்டிப் பார்த்தவன் முகமே மாறிடும்.

ஆனா மருதத்துல மலை கிடையாதே, எங்கே ஏறிக் கோணம் எடுக்கறது?

#9 சங்கிலி100

கோபுரத்தில். காவிரிப் படுகையில் லாம்டன் ஆட்களும் அதைத்தான் செய்தார்கள். 1808-ல் தஞ்சாவூரில் அரை டன் எடையுள்ள தியோடலைட் என்ற கோணம் அளக்கும் கருவியைக் கோயில் மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி நசுங்கியது. லாம்டனே உட்கார்ந்து அதைத் தட்டிச் சரிசெய்தார். உங்கள் விதியில் கருவியை மேலே ஏற்றுவதற்கும் ஒரு உருட்டல் வையுங்கள், மந்திரத்துக்கு மட்டும் வைத்தால் போதாது.

இன்னொன்று. நிலம் திரிந்த பிறகு நாம் எங்கே நிற்கிறோம் என்றே தெரியாமல் போகும். அப்போது தெரிந்த மூன்று அடையாளத்தைப் பார்த்து, அவற்றுக்கு இடைப்பட்ட இரண்டு கோணத்தை வைத்து நம் இடத்தைக் கண்டுபிடிக்கலாம். இதில் ஒரு பொறி இருக்கிறது. அந்த மூன்று அடையாளத்தின் வழியாக ஒரு வட்டம் போட்டு, நாமும் அதே வட்டத்தின் மேல் நின்றால் கணக்கு விடை தராது. வட்டத்தின் அந்த வில்லில் எங்கே நின்றாலும் அதே கோணம்தான் வரும். அளவைக்காரர்கள் இதை ஆபத்து வட்டம் என்றே சொல்வார்கள். நான் வைத்த பெயர் இல்லை.

தப்பிக்க வழி: முக்கோணத்துக்கு உள்ளே நில்லுங்கள். இல்லாவிட்டால் நடு அடையாளம் மற்ற இரண்டையும்விட உங்களுக்கு நன்றாகக் கிட்டே இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

#10 ஆறுமுகப்பகடை

ஆபத்து வட்டத்தை விடவே மாட்டேன். விதி இப்படி: வட்டத்து மேல நிக்கறவங்களை நிலம் அந்த வில்லுல எங்கே வேணாலும் கொண்டுபோய் வெச்சுக்கலாம். அவங்க எடுத்த கோணம் ஒண்ணுகூட மாறாது, அதனால நகர்ந்ததே தெரியாது.

இப்ப உருட்டல். பகடைக்குப் பதிலா தாயக்கட்டையே போதும். ரெண்டு கட்டை, ஒவ்வொண்ணுலயும் 0, 1, 2, 3. ரெண்டும் 0 விழுந்தா பன்னிரண்டு. மொத்தம் 16 விதம். அதுல தாயம் 2 விதம், இரண்டு 3, மூணு 4, நாலு 3, அஞ்சு 2, ஆறு 1, பன்னிரண்டு 1. நடுவுல குவிஞ்சு ஓரத்துல மெலியுது, நமக்கு வேண்டியதும் அதுதான்.

வெத்தலையில ஒவ்வொரு தடவை பார்க்கும்போதும் ஒரு உருட்டல்.

தாயம்: தெளிவு. அந்தக் கோடு வழக்கத்தை விட ஒரு சாமம் கூடுதலா நிலைக்கும்.
2, 3, 4: இப்ப இருக்கறது இருக்கற மாதிரி தெரியும். 16-ல 10.
5: கிழக்கும் மேற்கும் இடம் மாறித் தெரியும். பார்ப்பவருக்குச் சொல்லக் கூடாது.
6: இப்ப இருக்கற நிலம் இல்ல, அடுத்து ஆகப்போற நிலம் தெரியும். இதையும் சொல்லக் கூடாது.
12: மை திரும்பும். நிலம் பார்ப்பவரைப் பார்க்கும். அவர் நிக்கற இடம் அந்த நிமிஷமே திரியும்.

பன்னிரண்டு 16-க்கு 1, நூத்துக்கு ஆறேகால். கம்மியாத் தெரியும். சாமத்துக்கு ஒரு தடவைன்னு நாளெல்லாம் 8 தடவை பார்த்தா, ஒரு தடவையாவது பன்னிரண்டு விழ 40 சதவீதம் வாய்ப்பு. பேராசைக்காரன் தானா மாட்டுவான்.

மினுக்கம் உள்ள மைன்னா அஞ்சும் பன்னிரண்டாகக் கணக்கு. அப்ப 16-க்கு 3.

#11 ஓலைக்கட்டு

எதுல வரையறதுன்னு யாருமே கேக்கலையே. பனை ஓலையும் எழுத்தாணியும்தான். எழுத்தாணி இரும்பு, ரசம் ஒட்டாதுன்னு #2-ல அவரே சொல்லிட்டார். கீறிட்டு மேலே மையைத் தடவித் துடைச்சா கீறல்ல மட்டும் மை தங்கும். ஓலைச்சுவடிக்கு விளக்குக் கரியைத் தடவற அதே முறை. வரைபடத்துல அஞ்சனமே மையா நிக்குது.

ஓலை மூணு நாலு சென்டிமீட்டர் அகலம்தான், அதுல ஒரு நாட்டைப் போடமுடியாதுன்னு சொல்வீங்க. போட வேண்டாம். ஒரு ஓலைக்கு ஒரு வழி. இந்தக் கிணத்துலேருந்து அந்தக் கணவாய் வரைக்கும், இடப்பக்கம் வலப்பக்கம் என்னன்னு நீளவாக்குல. அப்புறம் துளை போட்டுக் கயித்துல கோக்கறது. நிலம் இடம் மாறினா புதுசா வரைய வேண்டாம், கயித்தை உருவி ஓலையோட வரிசையை மாத்திக் கோத்தாப் போதும். எந்த வரிசை சரிங்கறதுதான் ஆட்டம்.

மேசைக்கு: பாரிமுனை ஆண்டர்சன் தெருவுல கல்யாணப் பத்திரிகைக் கடைங்கள்ல அட்டை கிடைக்கும். 4க்கு 25 சென்டிமீட்டர்ல 24 துண்டு வெட்டிக்கங்க. ரெண்டு முனையிலேருந்தும் 6 சென்டிமீட்டர் உள்ளே தள்ளி ஒவ்வொரு துளை. ஓரமா போட்டா கிழிஞ்சுடும். ஆட்டநடத்துநர் கையில அறுகோணத் தாள் ஒண்ணு, அறுகோணம் ஒண்ணுக்கு 1 கிலோமீட்டர். அது மேல பட்டர் பேப்பர் ரெண்டு அடுக்கு. கீழ் அடுக்கு இன்னிக்கு நிலம், மேல் அடுக்கு அடுத்த நிலம். ஆறு விழுந்தா மேல் அடுக்கைப் பார்த்துப் பதில் சொல்லுங்க. பட்டர் பேப்பரை நாலு மூலையிலயும் ஒட்டாதீங்க, ஒரு பக்கம் மட்டும் டேப். நாலு பக்கமும் ஒட்டினா ஏசி காத்துல சுருங்கி அறுகோணம் பொருந்தாது.

மைக்கு: நெய் விளக்குக்கு மேல தட்டைக் கவுத்துப் பிடிச்ச கரி, ரெண்டு சொட்டு விளக்கெண்ணெய். அவ்வளவுதான். வெத்தலை நிஜ வெத்தலை. ஆட்டம் முடிஞ்சு அதை யாரும் போட்டுக்க வேண்டாம்.

#12 ரசக்குடுக்கை

ஓலையை வரிசை மாற்றிக் கோப்பது அபாரம். இதோடு நிறத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கருப்புக் கஜ்ஜளியை மூடின பாத்திரத்தில் சூடேற்றிப் பதங்கமாக்கினால் மேலே சிவப்பாகப் படியும். பொருள் ஒன்றேதான், ரசமும் கந்தகமும், ஆனால் நிறம் வேறு. நம் ஆட்டத்தில் நிலம் பாலையாகத் திரிந்தால் அந்த இடத்துக் கோடு ஓலையில் சிவக்கட்டும். கருப்பு உயிருள்ள கோடு, சிவப்பு செத்த கோடு.

இதில் திருடருக்கும் இடம் உண்டு. இந்தச் சிவப்புப் பொருளை (சாதிலிங்கம் என்பார்கள்) நெடுநாள் வெளிச்சத்தில் வைத்தால் மேற்பரப்பு கருத்துப்போகும். பழைய ஓவியங்களில் சிவப்பு கருத்திருப்பதற்கு இது ஒரு காரணம். ஆகவே செத்த ஓலைகளை மொட்டைமாடியில் காயப்போட்டு, கருக்க வைத்து, உயிருள்ள ஓலை என்று விற்கும் ஆட்கள் திரிநிலத்துச் சந்தையில் இருப்பார்கள். கண்டுபிடிக்கும் வழி: எழுத்தாணி நுனியால் லேசாகச் சுரண்டு. கருப்பு மேல் தோல்தான், அடியில் சிவப்பு.

இனி நஞ்சு. வரைவு 2-ன் 2 உயிர்ப்புள்ளியை அடித்துவிடுங்கள். ரசம் ஆளை அப்படி அடிக்காது. தேள் மாதிரி கொட்டிவிட்டுப் போகிற விஷம் இல்லை, குடியிருக்கிற விஷம். நாள்பட்ட ரச நஞ்சில் முதலில் வருவது கை நடுக்கம். அப்புறம் ஈறு வீங்கும், வாயில் எச்சில் ஊறும். தூக்கம் கெடும். மறதி வரும். ஆள் கூச்சப்பட ஆரம்பிப்பார், சின்னப் பேச்சுக்கே எரிந்து விழுவார், நாலு பேர் முன்னால் வர மறுப்பார். ஐரோப்பாவில் ரோமத் தொப்பி செய்தவர்களுக்கு வந்தது இதே நோய், அவர்கள் ரச உப்பில் ரோமத்தை ஊறவைத்தார்கள்.

வரைபடம் போடுகிறவருக்கு முதலில் கெடுவது கைதான் என்பதைக் கவனியுங்கள். அப்புறம் ஞாபகம். வேறெந்த வேலைக்காரரையும்விட இவரை அது தொழிலிலேயே அடிக்கிறது. நஞ்சைக் கணக்கு வைக்கவேண்டிய இடம் ஆட்டக்காரரின் உடம்பு இல்லை, ஓலை.

#13 ஆறுமுகப்பகடை

இதுதான் நான் தேடினது. உயிர்ப்புள்ளி போச்சு. அளவு எப்படி வைக்கலாம்?

#14 சங்கிலி100

கோணத்தில் வையுங்கள். 1 டிகிரி பிழைக்கு 1 கிலோமீட்டரில் 17½ மீட்டர் விலகும். 3 டிகிரி என்றால் 1 கிலோமீட்டரில் 52 மீட்டர், 5-ல் 262, 20-ல் 1 கிலோமீட்டருக்கு மேல். அதாவது கிட்டே வரைந்தால் யாருக்கும் தெரியாது. 20 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் கணவாய் ஒரு அறுகோணம் தள்ளிப்போய் உட்கார்ந்திருக்கும்.

முதல் நிலை 1 டிகிரி, இரண்டாம் நிலை 3, மூன்றாம் நிலை 6. முதல் நிலை 180 சோதனையில் பிடிபடாது, 2 டிகிரி சலுகைக்குள் மறைந்துவிடும். இரண்டாம் நிலையில் பிடிபடும், ஆனால் எல்லாரும் நிலம் நகர்ந்தது என்றே நினைப்பார்கள். நடுங்குவது வரைபவர் கை என்று யாரும் சந்தேகப்பட மாட்டார்கள், அவரே கூட.

#15 ரசக்குடுக்கை

நச்சு எண்ணிக்கை: வெற்றிலையில் பார்ப்பவருக்கு ஒவ்வொரு பார்வைக்கும் 1. ஓலையில் மை தடவித் துடைக்கும் வரைபவருக்கும் 1. மூடின அறையிலோ குகையிலோ செய்தால் இருவருக்கும் 2, ஆவி தேங்கும். 4 சேர்ந்தால் முதல் நிலை, 8-ல் இரண்டாவது, 16-ல் மூன்றாவது.

இறங்குவது மெதுவாக இருக்கவேண்டும். உடம்பில் சேர்ந்த ரசத்தில் பாதி வெளியேறவே ஒன்றிரண்டு மாதம் ஆகும். ஆகவே ஒவ்வொரு அமாவாசைக்கும் கையிருப்பில் பாதி குறையட்டும். 8 இருந்தால் 4, அடுத்த அமாவாசையில் 2. தூங்கி எழுந்தால் போகாது, மந்திரித்தாலும் போகாது.

#16 நாலாம்சாமம்

இங்கதான் எனக்கு ஒத்துக்கல. 4, 8, 16, அமாவாசைக்கு பாதி, குகையில ரெண்டு. இது ஆட்டமா, மளிகைக் கடை கணக்கு நோட்டா? ரெண்டாவது வாரம் ஒருத்தனும் எழுதி வெக்க மாட்டான். மூணாவது நிலைக்கு வந்தவன் ஒவ்வொரு படத்துலயும் தப்பு பண்ணிட்டே இருப்பான், தப்பு படத்தை நம்பி நடந்து இன்னும் மாட்டுவான், மாட்டினா இன்னும் அஞ்சனம். கீழே போறதுக்கு மட்டும் வழி, மேலே வர வழியே இல்ல.

#17 வெத்தலமடிப்பு

மேலே வர வழி இருக்கே தம்பி, ஆளை மாத்தறது. இன்னிக்குப் பார்க்கறவர் நாளைக்கு வரையாம மூட்டை தூக்கட்டும். குழுவுல நாலு பேர் இருந்தா சுழற்சி. ஒரே ஆளை "நீதான் நல்லாப் பார்க்கற"ன்னு உக்கார வெச்சா அந்த ஆளைத் தின்னுடும். அந்தத் தெரிவைத்தான் ஆட்டக்காரங்க செய்யணும்.

கணக்கு நோட்டு பத்தி நீ சொல்றது சரி. புளியங்கொட்டை வெச்சுக்கலாம். ஒவ்வொரு பார்வைக்கும் ஒரு கொட்டை கிண்ணத்துல. ஆட்டநடத்துநர் பக்கம் இருக்கட்டும், ஆட்டக்காரர் எண்ணக் கூடாது.

#18 நாலாம்சாமம்

புளியங்கொட்டை ஓகே. எண்ணக் கூடாதுங்கறது இன்னும் ஓகே. ஆனா குகைக்கு ரெண்டுங்கறதை எடுத்துடுங்க.

#19 ரசக்குடுக்கை

குகையை எடுக்க முடியாது. திறந்த வெளியில் காற்று ஆவியைக் கொண்டுபோய்விடும், மூடின இடத்தில் தங்கும். இந்தப் பொருளின் குணமே அதுதான். வேண்டுமானால் கிண்ணத்தைச் சின்னதாக்குங்கள்.

#20 ஓலைக்கட்டு

நடுக்கத்தை மேசையில காட்ட ஒரு வழி: முதல் நிலையில வரைபவர் எழுதாத கையால வரையணும். ரெண்டாம் நிலையில அதே கை, முழங்கையை மேசையில ஊணாம. மூணாம் நிலைக்கு நான் எதுவும் சொல்லல, அந்த நேரத்துக்கு அவரே பேனாவைக் கீழே வெச்சுடுவார். டிகிரி கணக்கு எதுவும் சொல்லாமலே கோடு கோணும். ஆட்டநடத்துநர் தன் தாள்ல மட்டும் சங்கிலி சார் எண்களைப் போட்டுக்கட்டும்.

#21 மணல்மேடு

தாமதமா வர்றேன். #7-ல மருதம் திரியாதுன்னு சொன்னது சரி. நெய்தலைப் பத்தி யாரும் பேசலையே? பாட்டுப்படி நெய்தலும் திரியாது. ஆனா நம்ம கடற்கரையைப் பாருங்க. துறைமுகச் சுவர் கடலுக்குள்ள போனதும் தெற்கே மணல் சேர்ந்து மெரினா அகலமாச்சு, வடக்கே ராயபுரம் பக்கம் கடல் அரிச்சுது. வருஷத்துல பெரும்பகுதி கரையோர நீரோட்டம் தெற்கேருந்து வடக்கே மணலைத் தள்ளும், சுவர் குறுக்கே நின்னா ஒரு பக்கம் தேங்கும், மறு பக்கம் பட்டினி. அடையாறு முகத்துவாரத்துல மணல்திட்டு மூடும், வெள்ளம் வந்தா உடையும். நெய்தல்ல ஆதிக்கல் நட்டா தண்ணிக்குள்ள போயிடும்.

#22 சங்கிலி100

ஒத்துக்கொள்கிறேன். இப்படி எழுதலாம்: நெய்தலின் குணம் மாறாது, கோடு மாறும். பாலை ஆகாது, ஆனால் கரை நகரும். ஓலையில் நெய்தல் கோடு சிவக்காது. ஆனாலும் பொய்யாகும். இது சிவப்பைவிட மோசம், ஏனென்றால் சுரண்டிப் பார்த்தாலும் கருப்பாகவே இருக்கும்.

#23 மணல்மேடு

காரணத்தையும் விதியில வெச்சுடுங்க. கரை சும்மா நகராது. எங்கேயோ யாரோ குறுக்கே ஒரு சுவர் எழுப்பியிருக்காங்க. நகர்ந்த கரையைப் பின்தொடர்ந்து போனா சுவர் கிடைக்கும். ஆட்டக்காரங்களுக்கு அது ஒரு முழுப் பயணம்.

#24 ஆறுமுகப்பகடை

சேர்த்துட்டேன். அப்புறம் மூணு சின்ன விஷயம்.

பாலையில கானல்ல தொடுவானம் தெரியாதே, நட்சத்திர உயரம் எப்படி எடுக்கறது?

மை அரைக்கும்போது ரசம் சிந்தினா என்ன?

தங்கம் போட்டுக்கிட்டு மையைத் தொடலாமா?

#25 சங்கிலி100

முதல் கேள்விக்கு மட்டும். நிஜ ரசம் நிஜமாகவே வரைபட வேலையில் இருந்தது இங்கேதான். இரும்புத் தட்டில் ரசத்தை ஊற்றினால் அது தானாக மட்டமாக நிற்கும், கண்ணாடி மாதிரி. நட்சத்திரத்துக்கும் தட்டில் தெரியும் அதன் பிம்பத்துக்கும் நடுவில் உள்ள கோணத்தை எடுத்துப் பாதியாக்கினால் உயரம். தொடுவானமே வேண்டாம். காற்று அடித்தால் மேற்பரப்பு அலையும், அதனால் மேலே கண்ணாடிக் கூரை. மலை உயரத்துக்கும் ரசம்தான்: காற்றழுத்தமானியில் ரசம் கடல்மட்டத்தில் 760 மில்லிமீட்டர் நிற்கும், கீழ்ப்பகுதிகளில் சுமார் 11 மீட்டர் ஏறினால் 1 மில்லிமீட்டர் இறங்கும். ஒரே நாளில் ஒரே இடத்தில் நின்றுகொண்டிருக்கும்போது 10 மில்லிமீட்டர் இறங்கினால், நீங்கள் நிற்கும் நிலம் 110 மீட்டர் எழும்பியிருக்கிறது, இல்லாவிட்டால் புயல் வருகிறது. எது என்று தாயக்கட்டை சொல்லட்டும்.

#26 ரசக்குடுக்கை

ரசம் சிந்தினால்: துடைப்பம் எடுக்கக் கூடாது. பெருக்கினால் ஒரு துளி நூறு துளியாகும், பரப்பு கூடும், ஆவியும் கூடும். கெட்டியான அட்டையால் ஒன்றாகத் தள்ளிக் குப்பியில் எடுத்து இறுக்கி மூடவேண்டும், எட்டாத இடுக்கில் கந்தகப்பொடி தூவவேண்டும். இது நிஜத்துக்கும் பொருந்தும். வீட்டில் பழைய தெர்மாமீட்டர் உடைந்தால் ஜன்னலைத் திறந்துவிட்டு, பிள்ளைகளை வெளியே அனுப்பிவிட்டு இதையே செய்யுங்கள், வேக்கம் கிளீனர் கூடவே கூடாது. ஆட்டத்தில் பெருக்கியவருக்கும் பக்கத்தில் இருந்தவருக்கும் ஆளுக்கு 2 கொட்டை.

தங்கம்: கூடவே கூடாது. ரசம் பட்ட தங்கம் வெளுத்துப்போகும், இரண்டும் கலந்துவிடும். சூடேற்றினால் ரசம் ஆவியாகித் தங்கம் மிஞ்சும், ஆனால் அந்த ஆவியைச் சுவாசிப்பதுதான் இந்த இழையிலேயே மிக மோசமான வேலை. அதற்கு 8 கொட்டை. மோதிரம், வளையல், மூக்குத்தி எல்லாம் கழற்றி மண் கலயத்தில். செம்பும் வெள்ளியும் அப்படியே. இரும்பு வளையம் இருக்கலாம்.

#27 நாலாம்சாமம்

தாலி?

#28 ரசக்குடுக்கை

அதுவும் தங்கம்தான். விதிக்கு அது தெரியாது.

#29 வெத்தலமடிப்பு

கழட்டச் சொல்ல வேண்டாம், அதை எழுதினீங்கன்னா மேசையில பாதிப் பேர் அதைப் பத்தியே பேசுவாங்க. மஞ்சள் கயித்துல மஞ்சள் கிழங்கைக் கோத்துக் கட்டிக்கிட்டா முடிஞ்சுது. தங்கத்தை எடுத்து வெச்சுட்டு அப்படிக் கட்டிக்கறவங்க நிஜத்துலயும் உண்டு. திரிநிலத்துல அஞ்சனம் பார்க்கற பெண்களுக்கு அதுவே அடையாளமா இருக்கட்டும்: கழுத்துல வெறும் மஞ்சள் கிழங்கு, கையில இரும்புக் காப்பு.

#30 ஆறுமுகப்பகடை

விதி 14-ல போட்டாச்சு. ஓலைக்கட்டு அக்கா, அட்டைத் துண்டு 24 போதுமா, 30 வெட்டிடலாமா?

#31 ஓலைக்கட்டு

30. ஆறு உதிரி. சிவந்ததைத் தூக்கிப் போடாதீங்க, கட்டுக்குக் கடைசியில கோத்து வையுங்க. பாலை திரும்பவும் முல்லையாகலாம்.